"நான்" யார், எங்கே இருக்கிறேன்? தன்னறிவு பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நெல்லை, பாளை, அம்பை, திருச்செந்தூர் வட்டாரத்தில் தத்துவமோ உளவியலோ படிக்கிறவர்களும், படிக்காமலே இதைப் பற்றி யோசிக்கிறவர்களும் திரும்பத் திரும்பக் கேட்கிற கேள்விகள் இவை. வரிசையாகத்தான் படிக்க வேண்டும் என்றில்லை. வீட்டில் செய்து பார்க்கக்கூடிய சோதனைகளுக்கு என்ன சாமான் வேண்டும், எவ்வளவு நேரம், எங்கே பிசகும் என்பது அந்தந்தப் பதிலிலேயே இருக்கிறது.

"நான்" என்பதே பொய்த்தோற்றம் என்கிறார்களே. அப்படியானால் கரண்ட் பில் யார் கட்டுவது?

நீங்கள்தான். அதிலிருந்து எந்தத் தத்துவமும் விலக்குத் தராது.

அந்தக் கூற்று காதில் விழுகிற அளவுக்குப் பெரியது அல்ல. "நான்" என்று சொல்லும்போது குறைந்தது நான்கு சங்கதிகளைச் சேர்த்துத்தான் சொல்கிறோம். ஒன்று இந்த உடம்பு. இரண்டு, இதோடு கூடவே வருகிற ஞாபகம். மூன்று, "நான் இப்படிப்பட்ட ஆள்" என்று நமக்குள் ஓடிக்கொண்டே இருக்கிற கதை. நான்கு, இவை எல்லாவற்றுக்கும் பின்னால் உட்கார்ந்து பார்த்துக்கொண்டும் உத்தரவு போட்டுக்கொண்டும் இருக்கிற, என்றும் மாறாத ஒரு முதலாளி. முதல் இரண்டை யாரும் மறுக்கவில்லை. மூன்றாவது இருக்கிறது, ஆனால் அதில் தப்பு நிறைய. வழக்கு நடப்பது நான்காவதைப் பற்றித்தான். ஜெர்மன் தத்துவவாதி தாமஸ் மெட்சிங்கர் 2003இல் "சுயம் என்று ஒரு பொருள் உலகில் இருந்ததே இல்லை" என்று வாதித்தபோது அவர் மறுத்தது இந்த முதலாளியை. மூளை தன் உடம்பையும் நிலைமையையும் பற்றி ஒரு மாதிரியை வரைந்து வைத்திருக்கிறது, அது மாதிரி என்பதே நமக்குத் தெரிவதில்லை என்பது அவர் வாதம்.

தோற்றப்பிழை என்றால் அங்கே ஒன்றுமே இல்லை என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. 1889இல் முல்லர்-லையர் வரைந்த இரண்டு கோடுகள் பாடப்புத்தகத்தில் எல்லாம் வருகின்றன. ஒன்றின் முனைகளில் அம்புக்குறி உள்நோக்கி மடங்கியிருக்கும், மற்றதில் வெளிநோக்கி விரிந்திருக்கும். இரண்டும் ஒரே நீளம், ஆனால் ஒன்று நீளமாகத் தெரியும். ஸ்கேல் வைத்து அளந்த பிறகும் அப்படியேதான் தெரியும். "நான்" விஷயத்திலும் இதே கதைதான். வாதத்தை ஒப்புக்கொண்ட பிறகும் உள்ளே ஓர் ஆள் இருப்பது போலவே தோன்றும். அதைப் பார்த்து "எனக்குப் புரியவில்லை போலிருக்கிறது" என்று சிலர் மனம் தளர்ந்துவிடுகிறார்கள். தேவையே இல்லை.

உள்ளே தேடினால் "நான்" அகப்படாது என்று முதலில் சொன்னது யார்?

மேற்கில் டேவிட் ஹியூம் என்ற ஸ்காட்லாந்துத் தத்துவவாதி, 1739இல். தன்னைத் தேடி உள்ளே போகும்போதெல்லாம் சூடு, குளிர், வெளிச்சம், நிழல், அன்பு, வெறுப்பு என்று ஏதாவது ஓர் உணர்வுதான் கையில் சிக்குகிறது, உணர்வு கலக்காத "நான்" தனியாகச் சிக்குவதே இல்லை என்றார். அடுத்த வருஷமே பின்னிணைப்பு எழுதி, இந்தப் பகுதியில் தனக்கே திருப்தி இல்லை என்று ஒப்புக்கொண்டதைப் பாடம் நடத்துகிறவர்கள் பெரும்பாலும் விட்டுவிடுகிறார்கள். சிதறிக் கிடக்கிற உணர்வுகளை ஒன்றாகக் கோப்பது எது என்பதற்கு அவரிடம் பதில் இல்லை.

அதற்கு முன்பே 1641இல் பிரெஞ்சுத் தத்துவவாதி டெகார்ட், சந்தேகப்படுவதற்கே ஓர் ஆள் வேண்டும் என்று சொல்லி "நான்" என்பதை அசைக்க முடியாத அஸ்திவாரமாக வைத்தார். லிக்டன்பெர்க் என்ற ஜெர்மன் இயற்பியலாளர் அதை ஒரே வரியில் பதம் பார்த்தார். "மின்னுகிறது" என்று சொல்வது போல "சிந்தனை நடக்கிறது" என்று சொல்லத்தான் உங்களுக்கு உரிமை உண்டு, "நான் சிந்திக்கிறேன்" என்பதே கொஞ்சம் கூடுதல் என்றார்.

கிழக்கில் இது இன்னும் பழசு. மிலிந்த மன்னனிடம் நாகசேனர் என்ற பௌத்தத் துறவி கேட்டது தேரைப் பற்றி. நெல்லையப்பர் தேரை வைத்தே கேட்டுப் பார்க்கலாம். சக்கரம் தேரா? அச்சு தேரா? வடம் தேரா? இவை போக மிச்சமாக "தேர்" என்று தனியாக ஏதாவது இருக்கிறதா? வடம் அறுந்தால் வேறு வடம் பூட்டுகிறோம், மரம் உளுத்தால் மாற்றுகிறோம். ஆனி மாதம் ரதவீதியில் வருவது அதே தேர்தான் என்பதில் டவுன்காரர் யாருக்கும் சந்தேகம் இல்லை. நாகசேனர் தேர் இல்லை என்று சொல்லவில்லை. பாகங்கள் ஒரு விதமாகச் சேர்ந்திருப்பதற்கு வழக்கில் இட்ட பெயர் அது, ஆளும் அப்படித்தான் என்றார்.

நம் பக்கத்துச் சைவமும் வைணவமும் இதை ஏற்கின்றனவா?

ஏற்கவில்லை. அதுவும் நல்ல காரணங்களோடு. 13ஆம் நூற்றாண்டில் மெய்கண்டார் செய்த சிவஞானபோதத்தின் மூன்றாம் சூத்திரம் முழுக்க ஆன்மா உண்டு என்பதற்கான வாதம். அதற்கு மாபாடியம் என்ற பேருரை எழுதிய சிவஞான முனிவர் பாபநாசத்துக்குப் பக்கத்தில் விக்கிரமசிங்கபுரத்தில் பிறந்தவர். அந்தச் சூத்திரத்திலிருந்து மூன்று வாதங்களை மட்டும் எடுத்துக்கொள்வோம்.

முதலாவது, "இல்லை" என்று சொல்வதற்கும் ஓர் அறிவு வேண்டும். ஒவ்வொன்றாகத் தேடி "இது நான் இல்லை, அதுவும் நான் இல்லை" என்று ஹியூம் தள்ளிக்கொண்டே போனாரே, தள்ளியது யார்? இரண்டாவது, "என் உடல்" என்கிறோம். உடையவன் வேறு, உடைமை வேறு. மூன்றாவது, தூங்கும்போது மூச்சு ஓடுகிறது, ஆனால் உண்பதும் வினை செய்வதும் இல்லை. ஆகவே மூச்சும் அந்த அறிவு அல்ல.

எங்கள் கணிப்பில் இவற்றுள் பலமானது முதலாவது. இரண்டாவது இளப்பமானது. "என் உயிர்" என்றும்தானே சொல்கிறோம்? அப்படியானால் உயிருக்கும் பின்னால் இன்னோர் உடையவன் வேண்டும். இந்த வாதம் எங்கும் போய் நிற்காது.

இந்தச் சைவ சித்தாந்தத்தில் உளவியல் மாணவர்கள் ஊன்றிப் பார்க்க வேண்டிய இடம் வேறொன்று. உயிர் சார்ந்ததன் வண்ணமாகும் என்பார்கள். எதோடு சேர்கிறதோ அதுவாகவே தன்னை எண்ணிக்கொள்ளும். கீழே வருகிற ரப்பர் கைச் சோதனையைச் செய்து பார்த்துவிட்டு இந்த வரிக்குத் திரும்பி வாருங்கள்.

தாமிரபரணிக் கரையில் ஆழ்வார்திருநகரியில் பிறந்த நம்மாழ்வார் திருவாய்மொழியில் சொல்வது: "யானே என்னை அறியகிலாதே, யானே என்தனதே என்றிருந்தேன்." தன்னைத் தெரியாத காலத்தில்தான் "நான், எனது" என்ற உறுதி பலமாக இருந்தது என்கிறார். அவர் போய்ச் சேருகிற இடம் திருமால், ஹியூம் சேருகிற இடம் வேறு. நோயை இருவரும் ஏறக்குறைய ஒன்றாகத்தான் கண்டிருக்கிறார்கள்.

நான் ஏன் அப்படிச் செய்தேன் என்பது எனக்குத் தெரியாதா?

செய்தது தெரியும். காரணம் என்று நீங்கள் சொல்வது பெரும்பாலும் ஊகம். இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு விஷயம்தான் மனசில் நிற்கும் என்றால் அது இதுவாக இருக்கட்டும்.

1977இல் நிஸ்பெட், வில்சன் என்ற இருவர் ஒரு கடை வாசலில் நான்கு ஜோடி நைலான் காலுறைகளை வரிசையாக வைத்து, எது தரமானது என்று கேட்டார்கள். நான்கும் ஒரே சரக்கு. இடக்கோடியில் இருந்ததைத் தேர்ந்தவர்கள் 12 சதவீதம், வலக்கோடியில் இருந்ததைத் தேர்ந்தவர்கள் 40 சதவீதம். காரணம் கேட்டால் நெசவு, மென்மை என்று சொன்னார்கள். வைத்திருந்த இடத்தைக் காரணமாக ஒருவரும் சொல்லவில்லை.

2005இல் சுவீடனில் ஜோஹான்சன் குழு இன்னும் ஒரு படி மேலே போனது. இரண்டு முகப் படங்களில் எது அழகு என்று கேட்டு, தேர்ந்த படத்தைக் கையில் கொடுக்கிற நேரத்தில் கண்கட்டு வித்தைக்காரர் போல மாற்றி மற்றதைக் கொடுத்தார்கள். அந்த நொடியிலேயே கண்டுபிடித்தது 13 சதவீதத்துக்கு மேல் போகவில்லை. மற்றவர்கள் தாங்கள் தேர்ந்தெடுக்காத முகத்தைப் பார்த்து "இந்தச் சிரிப்புப் பிடித்தது" என்கிற ரீதியில் காரணம் சொன்னார்கள்.

இதற்குள் என்ன நடக்கிறது என்பதை மைக்கேல் கஸானிகா, மூளையின் இரு பாதிகளையும் இணைக்கும் நரம்புப் பாலம் வலிப்பு நோய்க்காக வெட்டப்பட்ட நோயாளிகளிடம் பார்த்தார். பேச்சுத் திறன் உள்ள இடப் பாதிக்குக் கோழிக் கால் படத்தையும், பேசத் தெரியாத வலப் பாதிக்குப் பனி மூடிய வீட்டின் படத்தையும் காட்டினார். வலக் கை கோழியைத் தொட்டது, இடக் கை மண்வாரியைத் தொட்டது. மண்வாரி எதற்கு என்று கேட்டதும், பனியைப் பார்க்காத இடப் பாதி தயங்காமல், கோழிக் கொட்டகையைச் சுத்தம் பண்ண மண்வாரி வேண்டுமே என்றது. அது பொய் சொல்லவில்லை. கையில் இருந்த தகவலை வைத்து ஒரு காரணத்தைக் கட்டியது, கட்டியது என்பதே அதற்குத் தெரியாது.

வீட்டில் செய்து பார்க்க: ஒரே கட்டில் வந்த, ஒரே நிறமுள்ள நான்கு துண்டுகளை மேசைமேல் ஒரு சாண் இடைவெளியில் வையுங்கள். மடிப்பும் சுருக்கமும் நான்கிலும் ஒரே மாதிரி இருக்க வேண்டும், லேபிளை உள்ளே மடித்துவிடுங்கள். ஒவ்வொருவராகக் கூப்பிட்டு "இதில் தரமானது எது?" என்று கேட்டு, பதிலை எழுதிய பிறகு "ஏன்?" என்று கேளுங்கள். குறைந்தது 20 பேர் வேண்டும். ஒருவர் சொல்வது அடுத்தவர் காதில் விழுந்தால் எல்லாம் கெட்டது. வலக்கோடிச் சாய்வு 20 பேரில் தெளிவாகத் தெரியாமல் போகலாம், அதற்கு எண்ணிக்கை போதாது. காரணங்கள் மட்டும் தவறாமல் வரும். "இது கொஞ்சம் கனமா இருக்குல்லா" என்று யாராவது தடவிப் பார்த்துச் சொல்லுவார்கள். கடைசியில் நான்கும் ஒன்றுதான் என்று சொல்லும்போது சிரித்துக்கொண்டே சொல்லுங்கள், பெரியவர்கள் சிலர் கோபித்துக்கொள்வார்கள்.

இந்த நிமிஷம் என் கண்ணில் என்ன தெரிகிறது என்பதாவது எனக்குச் சரியாகத் தெரியுமே?

ஒரு சீட்டுக்கட்டு எடுங்கள். எதிர்ச்சுவரில் ஒரு புள்ளியைப் பார்த்தபடியே ஒரு சீட்டை உருவி, கையைத் தோளுக்கு நேரே பக்கவாட்டில் நீட்டிப் பிடியுங்கள். பார்வையை நகர்த்தாமல் கையை மெல்ல முன்பக்கம் கொண்டு வாருங்கள். அசைவு முதலில் தெரியும். சிவப்பா கறுப்பா என்பதற்கே கை வெகுதூரம் வர வேண்டும். எந்தச் சீட்டு என்று சொல்லக் கிட்டத்தட்ட நேர் எதிரே வந்தாக வேண்டும். விழித்திரையில் கூர்மையாகப் பார்க்கிற பகுதி ஏறத்தாழ 2 டிகிரி அகலம், நீட்டிய கையின் கட்டைவிரல் நகம் அளவு. ஆனாலும் முழுக் காட்சியும் கூர்மையாகத் தெரிகிறது என்றுதான் எல்லோரும் சத்தியம் செய்வோம். கண் திருட்டுத்தனமாக நகர்ந்துவிடுவதுதான் இதில் வழக்கமான பிசகு. பக்கத்தில் ஒருவரை நிறுத்தி உங்கள் கண்ணைக் கவனிக்கச் சொல்லுங்கள்.

ரப்பர் கைச் சோதனை என்கிறார்களே, எப்படிச் செய்வது?

1998இல் பாட்வினிக், கோஹன் இருவரும் வெளியிட்டது. வேண்டியவை: மருந்துக்கடையில் கிடைக்கிற ரப்பர் கையுறை ஒன்று, அதற்குள் அடைக்கப் பஞ்சு, ஒரே மாதிரி இரண்டு பெயின்ட் பிரஷ், நிறுத்தி வைக்க ஒரு கெட்டி அட்டை, ஒரு துண்டு.

இடக் கையை மேசைமேல் வைத்து, அதற்கும் உங்கள் கண்ணுக்கும் நடுவே அட்டையை நிறுத்துங்கள். அட்டைக்கு இந்தப் பக்கம், உண்மைக் கையிலிருந்து 15 முதல் 20 செ.மீ. தள்ளி, கையுறையை அதே திசையில் வையுங்கள். கையுறையின் மணிக்கட்டிலிருந்து உங்கள் தோள்வரை துண்டால் மூடுங்கள். இன்னொருவர் இரண்டு பிரஷ்ஷாலும் உண்மைக் கையையும் ரப்பர் கையையும் ஒரே விரலில், ஒரே திசையில், ஒரே நேரத்தில் தடவ வேண்டும். நீங்கள் ரப்பர் கையை மட்டும் பாருங்கள். ஒன்றிரண்டு நிமிஷத்தில் பலருக்கும் தொடுகை ரப்பர் கையில் நடப்பதாகத் தோன்றிவிடும். அப்போது கண்ணை மூடி, வலக் கையை மேசைக்கு அடியில் விட்டு, இடது ஆள்காட்டி விரல் எங்கே என்று காட்டச் சொன்னால், சில செ.மீ. ரப்பர் கைப் பக்கம் தள்ளிக் காட்டுவார்கள்.

வேலை செய்யவில்லை என்றால் இவற்றைப் பாருங்கள். பிரஷ் இரண்டும் முன்பின்னாகப் படுகின்றனவா? அரை வினாடி பிந்தினாலே மயக்கம் கலைந்துவிடும். கையுறையின் கட்டைவிரல் தப்பான பக்கம் இருக்கிறதா? குறுக்கே திரும்பியிருக்கிறதா? ரொம்பத் தள்ளி இருக்கிறதா? எல்லாம் சரியாக இருந்தும் சிலருக்கு வரவே வராது, அதுவும் இயல்புதான். "உனக்கு இப்படித் தோன்றும் பார்" என்று முன்கூட்டிச் சொல்லிவிடாதீர்கள். சொன்னதை அனுபவமாகவே ஆக்கிக்கொள்கிற திறன் ஆளுக்கு ஆள் வேறு. இந்தச் சோதனையின் முடிவுகளில் அதன் பங்கு எவ்வளவு என்று ஆய்வாளர்களுக்குள் இன்றும் தகராறு இருக்கிறது.

முடிவெடுப்பது மூளை, நமக்குத் தெரிவது பிறகுதான் என்று நிரூபித்துவிட்டார்களாமே?

1983இல் பெஞ்சமின் லிபட் அளந்தது: விரலை அசைப்பதற்கு ஏறத்தாழ 550 மில்லிவினாடிக்கு முன்பே மூளையில் மின்மாற்றம் தொடங்குகிறது, "அசைக்கப் போகிறேன்" என்ற உணர்வு 200 மில்லிவினாடிக்கு முன்புதான் வருகிறது. 2012இல் ஷூர்கர் குழு, அந்த மின்மாற்றம் முடிவே அல்ல, மூளையில் எப்போதும் இருக்கிற ஏற்ற இறக்கங்களைப் பின்னோக்கிச் சராசரி எடுத்தால் அப்படித் தெரியும் என்று காட்டியது. விரல் அசைப்பதை வைத்துக் கல்யாணம், படிப்பு, வேலை பற்றிய முடிவுகளுக்குத் தீர்ப்பு எழுதுவது அவசரம்.

கோயில் கொடைத் திருவிழாவில் சாமி வந்து ஆடும்போது பேசுவது யார்?

சாமி உண்டா என்பது இந்தப் பக்கத்தின் கேள்வி அல்ல. "செய்கிறவன் நான்" என்ற உணர்வு செயலிலிருந்து கழன்று போக முடியுமா என்பதுதான் உளவியலின் கேள்வி. அதற்குச் சுடலைமாடன் கொடையை விடத் தெளிவான இடம் கிடைப்பது கஷ்டம்.

என்ன நடக்கிறது என்று நிதானமாகப் பாருங்கள். சாமியாடுகிற கோமரத்தாடி முன்கூட்டியே விரதம் இருக்கிறார். வில்லுப்பாட்டிலோ கணியான் கூத்திலோ மாடன் பிறந்த கதை ஓடுகிறது. கதை குறிப்பிட்ட கட்டத்துக்கு வரும்போது மேளமும் மகுடம் என்ற பறையும் வேகம் பிடிக்கின்றன. திருநீறு, மஞ்சணை வாசம், பந்தம், குலவை. கூட்டம் முழுக்க ஒருவர்மேல் கண் வைத்திருக்கிறது. உடம்பு நடுங்கத் தொடங்குகிறது, குரல் மாறுகிறது, "நான் வந்திருக்கேன்" என்கிறது. அந்த "நான்" கோமரத்தாடி இல்லை என்பதில் அவருக்கும் எதிரே நிற்கிறவர்களுக்கும் சந்தேகம் இல்லை. வீட்டில் வாய் திறக்காத ஆள் ஊர்ப் பெரியவரைப் பெயர் சொல்லி அதட்டுவார், அவரும் கைகட்டி நிற்பார். முடிந்ததும் சொன்னதில் பாதி ஞாபகம் இல்லை என்பார்.

"நடிக்கிறான்" என்று ஒரே சொல்லில் முடிப்பவர்கள் ஒன்றைக் கவனிப்பதில்லை. நடிகருக்குத் தான் நடிப்பது தெரியும். இங்கே செயல் நடக்கிறது, அது என்னுடையது என்ற முத்திரை மட்டும் விழவில்லை. அந்த முத்திரையை மூளை தனியாகப் போடுகிறது என்பதற்கு மனோவசியம் முதல் சில நரம்பு நோய்கள்வரை வேறு சான்றுகளும் உண்டு. இது கண்டபடி வருவதும் இல்லை. எந்தச் சாமிக்கு எந்த ஆட்டம், எந்த ஆயுதம், எப்போது மலையேற வேண்டும் (ஆளைவிட்டு இறங்க வேண்டும்) என்பதெல்லாம் சிறுவயதிலிருந்து பார்த்துப் பழகியதுதான்.

இது நோயா? அமெரிக்க மனநல மருத்துவர் சங்கத்தின் நோய்க் கையேடு 2013 பதிப்பில், ஊரே ஏற்றுக்கொண்ட வழிபாட்டின் இயல்பான பகுதியாக நடப்பதை ஆளுமைப் பிளவு நோயில் சேர்க்கக் கூடாது என்று எழுதியே வைத்திருக்கிறது. கவலைப்பட வேண்டியது வேறு நேரத்தில். கொடையும் மேளமும் இல்லாமல், சம்பந்தப்பட்டவர் விரும்பாமலே, வீட்டிலோ பள்ளியிலோ அடிக்கடி வந்தால், அதனால் அவர் தவித்தால், காயம் பட்டால், பிறகு மணிக்கணக்கில் ஞாபகம் தப்பினால் டாக்டரிடம் காட்ட வேண்டும். வலிப்பு நோயும் இப்படி வேஷம் போடும் என்பதால் நரம்பியல் பரிசோதனையும் வேண்டும். புதுக் கல்யாணப் பெண்ணுக்கு மட்டும் "பேய்" பிடித்தால், அந்த வீட்டில் அவள் சொல்ல முடியாமல் இருப்பது என்ன என்று யாராவது நம்பிக்கையானவர் தனியாக உட்கார்ந்து கேட்பது வேப்பிலை அடிப்பதைவிட முக்கியம்.

கிளி ஜோசியமும் போனில் வருகிற ஆளுமைத் தேர்வும் அப்படியே என்னைச் சொல்கின்றனவே?

1948இல் பெர்ட்ராம் ஃபோரர் தன் வகுப்பில் 39 மாணவர்களுக்கு ஆளுமைத் தேர்வு வைத்து, ஆளுக்கொரு தனி அறிக்கை என்று சொல்லி எல்லோருக்கும் ஒரே அறிக்கையைக் கொடுத்தார். ஜோசியப் புத்தகத்திலிருந்து பொறுக்கிய வரிகள். பொருத்தத்துக்கு மாணவர்கள் போட்ட சராசரி மதிப்பெண் 5க்கு 4.26. "வெளியே தைரியம், உள்ளே கவலை" என்று சொன்னால் சந்திப்பிள்ளையார் முக்கில் நிற்கிற யாருக்கும் பொருந்தும்.

சோதிக்க: பழைய வருஷத்து ராசிபலன் 12ஐயும் ராசிப் பெயர், கிரகப் பெயர் எல்லாம் எடுத்துவிட்டுத் தனித்தனித் தாளில் எழுதிக் கலையுங்கள். 24 பேரிடம் தங்களுடையதைப் பொறுக்கச் சொல்லுங்கள். குருட்டாம்போக்கில் எடுத்தாலே சராசரி 2 பேருக்குச் சரியாக வரும். அதற்கு மேல் வருகிறதா என்பதுதான் கேள்வி. இந்த வருஷத்துப் பலனை வைத்தால் காலையில் பேப்பர் பார்த்தவர்கள் கண்டுபிடித்துவிடுவார்கள்.

அப்படியானால் என்னைப் பற்றி மற்றவர்களுக்குத்தான் அதிகம் தெரியுமா?

எதைப் பற்றி என்பதைப் பொறுத்தது. உளவியலாளர் சிமின் வசீர் 2010இல் காட்டியபடி, பதற்றம், தன்மதிப்பு போன்ற வெளியே தெரியாத குணங்களில் நம் கணிப்பே மேல். புத்திசாலித்தனம், படைப்புத்திறன் போல உயர்வு தாழ்வு ஒட்டிக்கொண்டிருக்கிற குணங்களில் நண்பர்கள் கணிப்பு மேல், ஏனென்றால் அங்கே நமக்கு ஆசை கலந்துவிடுகிறது.

ஐந்து பேரிடம் கேளுங்கள்: வீட்டில் ஒருவர், வேலையிடத்தில் இருவர், பழைய சிநேகிதர் ஒருவர், உங்களோடு ஒரு தடவையாவது மனஸ்தாபப்பட்டவர் ஒருவர். "நான் எப்படி?" என்று கேட்டால் "ஒங்களுக்கு என்ன, தங்கமான ஆளு" என்றுதான் வரும். பொறுமை, நேரம் தவறாமை, கேட்கும் காது, சிக்கனம், வாக்குத் தவறாமை என்று ஐந்து குணம் எழுதி, எனக்கு அதிகமானதிலிருந்து குறைந்ததுவரை வரிசைப்படுத்துங்கள் என்று சீட்டாகக் கொடுங்கள். வரிசைப்படுத்தச் சொன்னால் எல்லாவற்றையும் புகழ வழியில்லை, எதையாவது கடைசியில் போட்டே ஆக வேண்டும். உங்கள் வரிசையை முதலிலேயே எழுதி மூடி வையுங்கள். மூன்று பேராவது ஒரே இடத்தில் உங்களோடு மாறுபட்டால் அவர்கள் பக்கம் சாயுங்கள். ஒருவர் மட்டும் மாறுபட்டால் அது அவருக்கும் உங்களுக்கும் உள்ள கணக்கு.

"ஏதிலார் குற்றம்போல் தங்குற்றம் காண்கிற்பின்" என்று 190ஆம் குறள் சொல்வதை 2014இல் கிராஸ்மன், கிராஸ் இருவரும் சோதித்தார்கள். சொந்தச் சிக்கலை வேறொருவர் சிக்கல் போலத் தள்ளி நின்று பார்க்கச் சொன்னபோது யோசனை நிதானப்பட்டது. சண்டையைப் பற்றி டைரி எழுதினால் உங்களை "அவர்" என்று எழுதிப் பாருங்கள்.

தினமும் உட்கார்ந்து என்னை நானே ஆராய்ந்தால் போதாதா?

ஆராய்வதில் இரண்டு வகை உண்டு, இரண்டும் ஒன்றோடொன்று குழம்பிப் போகின்றன. ரமணர் சொன்ன விசாரணை, எழுகிற ஒவ்வொரு எண்ணமும் "யாருக்கு?" என்று கேட்டு, "எனக்கு" என்றால் அந்த "நான்" எங்கிருந்து எழுகிறது என்று திரும்புவது. அதற்குச் சொல்லால் பதில் தேடுவதில்லை. "எனக்கு ஏன் இப்படிக் கோபம் வருகிறது?" என்று காரணம் தேடுவது வேறு வேலை. அதில்தான் மேலே சொன்ன ஊகப் பிரச்சினை வருகிறது. வில்சனும் ஸ்கூலரும் 1991இல் ஸ்டிராபெரி ஜாம்களைச் சுவைக்கக் கொடுத்தபோது, காரணங்களை எழுதிப் பகுத்தவர்களின் மதிப்பீடு நிபுணர்களின் மதிப்பீட்டிலிருந்து விலகிப் போனது. சும்மா சுவைத்தவர்கள் நெருங்கி வந்தார்கள். வாய்க்கு வசதியாகச் சொல்லக் கிடைத்த காரணம் நாக்கை மீறிவிட்டது.

நாங்கள் பரிந்துரைப்பது முன்கணிப்பு நோட்டு. 40 பக்க நோட்டில் ஐந்து பத்தி போடுங்கள்: தேதி, என்ன நடக்கும், எத்தனை சதவீதம் நிச்சயம், எப்போது தெரியும், நடந்தது என்ன. "வெள்ளிக்கிழமைக்குள் ரெக்கார்டு நோட்டு முடிப்பேன், 80." "இந்த வாரம் 4 நாள் காலையில் ஆற்றுக்கு நடப்பேன், 70." "சொத்துப் பேச்சில் சித்தப்பாவிடம் குரலை உயர்த்த மாட்டேன், 90." முப்பது பதிவு சேரும்வரை முடிவுக்கு வராதீர்கள். பிறகு 80 என்று போட்டவற்றை மட்டும் எண்ணுங்கள். பத்தில் எட்டு நடந்திருந்தால் அந்த விஷயத்தில் உங்களை உங்களுக்குத் தெரியும். பலருக்கும் அதைவிடக் குறைவாகத்தான் தேறும்.

பிசகுகிற இடங்கள்: "நல்லா இருப்பேன்" போன்ற அளக்க முடியாத வரி, நடந்து முடிந்த பிறகு எழுதுவது, ஜெயிப்பதற்காகச் சுலபமானதையே எழுதுவது. வீட்டில் இன்னொருவரும் உங்களைப் பற்றி அதே வரிக்குத் தன் சதவீதத்தைப் போட்டால் இன்னும் நல்லது. 1994இல் பூலர் குழு ஆய்வேடு எழுதும் மாணவர்களிடம் எப்போது முடிப்பீர்கள் என்று கேட்டது. சராசரிக் கணிப்பு 33.9 நாள், ஆனது 55.5 நாள். வெளியிலிருந்து பார்க்கிறவர்கள் பொதுவாக இவ்வளவு நம்பிக்கையாகக் கணிப்பதில்லை. தங்கச்சி போட்ட சதவீதம் உங்களுடையதைவிடச் சரியாக வந்தால் ஆச்சரியப்படாதீர்கள்.

தியானம் செய்யத் தொடங்கியதிலிருந்து நானே எனக்கு அந்நியமாகத் தெரிகிறேன். ஞானமா?

ஞானம் என்று எடுத்துக்கொண்டு இன்னும் அழுத்திச் செய்யாதீர்கள். தன்னைத் தானே வெளியிலிருந்து பார்ப்பது போல, உலகத்துக்கும் தனக்கும் நடுவில் கண்ணாடி இருப்பது போல, சொந்தக் குரலே வேறு யாருடையதோ போலத் தோன்றுவது தன்னிழப்பு உணர்வு. தூக்கமின்மை, பீதித் தாக்குதல், கஞ்சா, இடைவிடாத நீண்ட தியானம் எல்லாம் இதைத் தூண்டும். சில நிமிஷம் வந்து போவது சாதாரணம். "அப்படித் தோன்றுகிறது, ஆனால் உண்மையில் அப்படி இல்லை" என்ற தெளிவு இதில் கெடாது. அந்தத் தெளிவே போய்விட்டால், குரல் கேட்டால், அன்றே டாக்டரைப் பார்க்க வேண்டும்.

முதலில் தியானத்தையும் "நான் யார்" விசாரணையையும் நிறுத்துங்கள். ஏழெட்டு மணி நேரம் தூங்குங்கள், காபியைக் குறையுங்கள், உடம்பு வேலை செய்யுங்கள். உணர்வு போய்விட்டதா என்று மணிக்கு ஒரு தரம் சோதித்துப் பார்ப்பதுதான் அதை வளர்க்கிற உரம். இரண்டு வாரத்துக்கு மேல் நீடித்தாலோ படிப்பும் வேலையும் கெட்டாலோ பாளை ஹைகிரவுண்ட் அரசு மருத்துவமனை மனநலப் பிரிவுக்குப் போகலாம். சாக வேண்டும் என்ற எண்ணம் வந்தால் காத்திருக்க வேண்டாம். அரசின் டெலிமானஸ் மனநல உதவி எண் 14416, இரவு பகல் எந்நேரமும் தமிழிலேயே பேசலாம்.

குழந்தைக்கு எந்த வயதில் "நான்" வருகிறது? வீட்டில் பார்க்க முடியுமா?

1972இல் பியூலா ஆம்ஸ்டர்டாம் செய்த சோதனை எளியது. குழந்தைக்குத் தெரியாமல் மூக்கில் சாயம் வைத்து, கண்ணாடி முன் விட வேண்டும். கண்ணாடியைத் தொட்டால் அங்கே வேறொரு குழந்தை இருப்பதாக எண்ணுகிறது. தன் மூக்கைத் தொட்டால் அது தான் என்று தெரிந்துவிட்டது. பெரும்பாலும் 18 முதல் 24 மாதத்துக்குள் இது வருகிறது.

முகம் துடைக்கிற சாக்கில் வைத்தால் குழந்தைக்குத் தெரியாது. வைத்து ஐந்து நிமிஷம் விளையாட விட்டு, அதற்குள் தானாக மூக்கைத் தொடுகிறதா என்று பாருங்கள். தொட்டால் அரிக்கிறது என்று அர்த்தம், அன்றைக்கு விட்டுவிடுங்கள். நம் ஊரில் தனியாக ஒரு சிக்கல் உண்டு. கன்னத்தில் திருஷ்டிப் பொட்டோடு தினமும் கண்ணாடி பார்க்கிற குழந்தைக்கு முகத்தில் ஒரு கறை இருப்பது புதினமே இல்லை, அதனால் தொடாது. எனவே மை வேண்டாம், கன்னமும் நெற்றியும் வேண்டாம். மூக்கு நுனியில், வழக்கமில்லாத நிறத்தில், உடம்புக்குக் கெடுதல் இல்லாததாக வையுங்கள். பீட்ரூட் சாறு போதும். வெள்ளை மாவு வைத்தால் பவுடர் என்று நினைத்துப் பேசாமல் இருந்துவிடும்.

தொடவில்லை என்றால் பதற வேண்டாம். கென்யாவில் இதே சோதனையைச் செய்தபோது மிகச் சில குழந்தைகளே தொட்டன, பலரும் கண்ணாடியைப் பார்த்தபடி அசையாமல் நின்றார்கள். அவர்களுக்குத் தன்னுணர்வு இல்லை என்று ஆய்வாளர்கள் எடுத்துக்கொள்ளவில்லை. பெரியவர் ஒருவர் வைத்த பொட்டைக் கேட்காமல் அழிக்கலாமா என்பது சின்னக் குழந்தைக்கும் கேள்விதான். அழித்தால் ஆச்சி திட்டுகிற வீடு என்றால் ஆச்சி பக்கத்தில் இல்லாத நேரமாகப் பார்த்து, ஒரு மாதம் கழித்து மறுபடி செய்யுங்கள்.